பந்து கைவிட்டுப் போன பிறகு

அடிபட்டோ நோய் வந்தோ ஆட்டத்தைப் பாதியில் விட்டுவிட்டு வீட்டில் உட்கார்ந்திருக்கும் தம்பிகளுக்கும் தங்கைகளுக்கும்,



உங்களில் யாரையும் எனக்கு நேரில் தெரியாது. ஆனால் மாலை நாலரை மணி ஆனதும் உங்கள் கால் தானாக வாசல் பக்கம் திரும்பும் என்பது தெரியும். தெருவில் பையன்கள் பந்தைத் தட்டிக்கொண்டு போகிற சத்தம் கேட்டால் ஜன்னலைச் சாத்திவிடுவீர்கள் என்பதும் தெரியும். எனக்கும் 19 வயதில் வலது முழங்கால் தசைநார் அறுந்தது. கல்லூரிக் கால்பந்து அணியில் அப்போதுதான் நிரந்தர இடம் கிடைத்திருந்தது. ஸ்கேன் படத்தைக் குழல்விளக்குக்கு எதிரே தூக்கிப் பிடித்துப் பார்த்த மருத்துவர், என் முகத்தைப் பார்க்காமலேயே, "இனிமே ஓடியாடுறதெல்லாம் வேண்டாம்ப்பா" என்றார். அவ்வளவுதான். வீட்டுக்கு வந்ததும் அம்மா என் பூட்ஸைக் கழுவி, வெயிலில் காயவைத்து, உள்ளே செய்தித்தாளைக் கசக்கித் திணித்து, ஒரு அட்டைப்பெட்டியில் போட்டுப் பரண்மேல் ஏற்றினாள். அடியில் அப்பியிருந்த மைதானத்துச் செம்மண் கழுவின தண்ணீரோடு கரைந்து ஓடியதை நான் திண்ணையில் உட்கார்ந்தபடி பார்த்துக்கொண்டிருந்தேன்.

அதற்கப்புறம் வந்தவர் போனவர் எல்லாரும் ஒரே ஆறுதலைத்தான் சொன்னார்கள்: போனது போகட்டும், மறந்துவிடு. நானும் மறக்கப் பார்த்தேன். பேப்பரில் விளையாட்டுப் பக்கம் வந்தால் மடித்து வைத்தேன். கூட ஆடியவர்கள் எதிரே வந்தால் வேறு தெருவில் திரும்பினேன். அப்படியே சில வருஷங்களை வீணாக்கினேன். அந்த ஆறுதல் தவறு என்று உங்களிடம் சொல்லத்தான் இந்த மடல். அதை எனக்குப் புரியவைத்தவர் அயர்லாந்துக்காரர் ஒருவர். ரக்பி ஆடிக்கொண்டிருந்து, ஆட்டத்தைக் காசநோய்க்குப் பறிகொடுத்து, திரைப்பட நடிகராக எழுந்தவர். ரிச்சர்ட் ஹாரிஸ் என்று பெயர். ஹாரி பாட்டர் படங்களின் முதல் இரண்டு பாகங்களில், வெள்ளைத்தாடித் தலைமையாசிரியர் டம்பிள்டோராக அவரை நீங்கள் பார்த்திருப்பீர்கள். அந்தத் தாடிக்குப் பின்னால் ஒரு ரக்பி ஆட்டக்காரர் கடைசிவரை இருந்தார்.

அயர்லாந்தின் மேற்குப் பக்கத்தில் அவருக்கு இரண்டு சிலைகள் இருக்கின்றன. ஒன்று, அவர் பிறந்த லிமரிக் நகரத்தில், பெட்ஃபர்ட் ரோ என்ற தெருவில். 'கேமலாட்' படத்தில் அவர் ஏற்ற ஆர்தர் மன்னரின் கோலம் அது. மற்றது கிளேர் மாவட்டத்துக் கடற்கரை ஊரான கில்கீயில். அங்கே நிற்பவர் மன்னர் இல்லை. மட்டையும் கையுமாகப் பந்தாடும் 18 வயதுப் பையன். கோடை விடுமுறைக்கு லிமரிக்காரர்கள் போகிற ஊர் கில்கீ. அங்கே கடலோரச் சுவரில் பந்தை அடித்து ஆடும் ஆட்டம் ஒன்று உண்டு. அதற்கான டிவோலி கோப்பையை 1948 முதல் 1951 வரை வரிசையாக நான்கு வருஷம் ஹாரிஸ் வென்றார். அவரோடு 'கிளாடியேட்டர்' படத்தில் நடித்த ரஸ்ஸல் க்ரோ, 2006 செப்டம்பரில் நேரில் வந்து அந்தச் சிலையைத் திறந்துவைத்தார். உலகம் முழுக்க நடிகராக அறிந்த ஒருவரை அவருடைய மக்கள் ஆட்டக்காரராகவும் நிறுத்தி வைத்திருக்கிறார்கள். நீங்கள் இப்போது இருப்பது அந்த இரண்டு சிலைகளுக்கும் இடையிலான வழியில். அந்த வழியை ஹாரிஸ் எப்படிக் கடந்தார் என்று சொல்கிறேன்.

ஹாரிஸ் பிறந்தது 1930 அக்டோபர் 1-ஆம் தேதி. மாவு ஆலை வைத்திருந்த குடும்பம். ஏசு சபையினர் நடத்திய கிரசண்ட் கல்லூரியில் படித்தார். டப்ளின் பக்கம் ரக்பி என்றால் கட்டணம் கட்டிப் படிக்கிற பள்ளிப் பிள்ளைகளின் ஆட்டம் என்று ஒரு பெயர் உண்டு. லிமரிக்கில் கதை வேறு. மருத்துவரும் துறைமுகத் தொழிலாளியும் ஒரே ஸ்க்ரம்மில் தோளோடு தோள் கோத்துக் குனிந்து முட்டுகிற ஊர் அது. மன்ஸ்டர் மாகாணப் பள்ளிகளுக்கான கோப்பைப் போட்டிகளில் கிரசண்ட் அணிக்கு ஆடிவிட்டு, ஹாரிஸ் கேரியோவன் கிளப்புக்குப் போனார். பந்தை வானத்துக்கு உதைத்துவிட்டு, அது இறங்குகிற இடத்தை நோக்கி அணியே பாய்ந்தோடும் உத்தி ஒன்று ரக்பியில் இருக்கிறது. அதற்கு இன்றைக்கும் 'கேரியோவன்' என்று ஒரு பெயர் உண்டு. ஒரு ஊர்க் கிளப்பின் பெயர் ஆட்டத்தின் அகராதியிலேயே ஏறிவிட்டது. அப்படிப்பட்ட கிளப்பில் ஆடுகிற பையனுக்கு அடுத்த கனவு என்னவாக இருக்கும்? மன்ஸ்டர் மாகாண அணியின் சிவப்புச் சட்டை. அதற்கு மேலே அயர்லாந்தின் பச்சைச் சட்டை.

அந்தச் சமயத்தில்தான் காசநோய் வந்தது.

அந்தக் கால அயர்லாந்தில் காசநோய் என்றால் என்ன என்பதைத் தெரிந்துகொண்டால்தான் அவர் இழந்தது எவ்வளவு என்று புரியும். 1940-களில் அந்த நோய் வருஷந்தோறும் ஆயிரக்கணக்கானவர்களைக் கொண்டுபோனது. வீட்டில் ஒருவருக்கு வந்தால் பக்கத்து வீட்டுக்குத் தெரியாமல் மறைப்பார்கள். 1948-ல் சுகாதார அமைச்சரான நோயல் பிரவுன், தாய் தகப்பன் இருவரையும் அதே நோய்க்குப் பறிகொடுத்தவர். தானும் அதில் படுத்து எழுந்தவர். காசநோயாளிகளுக்கான மருத்துவமனைகளைக் கட்டுவதையே தன் வேலையாக எடுத்துச் செய்தார். ஸ்ட்ரெப்டோமைசின் போன்ற புது மருந்துகளும் வந்தன. ஹாரிஸ் பிழைத்துக்கொண்டார். ஆனால் ரக்பி நுரையீரலை நம்பி ஆடுகிற ஆட்டம். 80 நிமிஷம் ஓடி, முட்டி, விழுந்து, எழுந்து, மறுபடி ஓட வேண்டும். அந்த நுரையீரலை நோய் தொட்டுவிட்டது. ஆட்டம் முடிந்தது.

ஏறத்தாழ இரண்டு வருஷம் படுக்கை. அடிபட்டவர் வீட்டில் முதல் வாரம் எப்படி இருக்கும், மூன்றாவது மாதம் எப்படி இருக்கும் என்பதை உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. முதல் வாரம் ஆரஞ்சுப்பழமும் ஹார்லிக்ஸ் பாட்டிலுமாகக் கட்டிலைச் சுற்றிக் கூட்டம். மூன்றாவது மாதம் கூரையும் நீங்களும்தான். ஹாரிஸ் அந்த நாட்களில் விழுந்து விழுந்து படித்தார். நாடகத்தின் பக்கம் மனசு திரும்பியது. எழுந்து நடக்க முடிந்ததும் லண்டனுக்குக் கப்பலேறினார். நடிகராக வேண்டும் என்ற எண்ணம்கூட அவருக்கு அப்போது இல்லை. நாடகம் இயக்கக் கற்றுக்கொள்ள வேண்டும் என்றுதான் போனார். அதற்குச் சரியான படிப்பு எங்கும் கிடைக்கவில்லை. ராயல் நாடகக் கலைக் கழகத்தின் தேர்வில் தேறவில்லை. சென்ட்ரல் ஸ்கூல் என்ற இன்னொரு புகழ்பெற்ற நாடகப் பள்ளி, வயதாகிவிட்டது என்று திருப்பி அனுப்பியது. அப்போது அவருக்கு வயது 24.

இதை ஒருமுறைக்கு இரண்டுமுறை படியுங்கள். வாழ்க்கையில் ஒரு கதவு 'உடம்பு சரியில்லை' என்று சாத்தப்பட்டது. அடுத்த கதவு 'காலம் கடந்துவிட்டது' என்று சாத்தப்பட்டது. இரண்டும் ஒரு மனுஷனுக்கு 25 வயது ஆவதற்குள். உங்களுக்கும் இதையேதான் சொல்வார்கள். சின்ன வயதிலிருந்து படித்தவர்களோடு நீ எப்படிப் போட்டி போடுவாய் என்பார்கள். பத்து வருஷத்தை மைதானத்தில் தொலைத்துவிட்டாயே என்பார்கள்.

லாம்டா என்ற லண்டன் நாடகப் பள்ளி ஹாரிஸைச் சேர்த்துக்கொண்டது. படிக்கும்போதே இர்விங் தியேட்டர் என்ற ஒரு சின்ன அரங்கை வாடகைக்குப் பிடித்து, கிளிஃபர்ட் ஒடெட்ஸின் நாடகம் ஒன்றைத் தானே இயக்கி மேடையேற்றினார். படிப்பு முடிந்ததும் ஜோன் லிட்டில்வுட் என்ற பெரிய நாடக இயக்குநரின் குழுவில் சேர்ந்து சின்னச் சின்ன வேடங்கள் கட்டினார். 1959-ல் முதல் படம். 'தி கன்ஸ் ஆஃப் நாவரோன்', 'மியூட்டினி ஆன் தி பவுண்டி' என்று பெரிய படங்களில் துணை வேடங்கள். கிளப்பில் கடைசி அணியில் சேர்ந்து முதல் அணிக்கு ஏறுகிற மாதிரிதான் ஒவ்வொரு படியாக ஏறினார். அந்தப் பொறுமை உங்களுக்குப் புதிது இல்லை. ஆறு மாதம் பெஞ்சில் உட்கார்ந்துவிட்டுப் பத்து நிமிஷ ஆட்டத்துக்கு இறங்கியவர்கள் நீங்கள்.

பிறகு ஒரு படம் வந்தது. இந்த மடலை நான் எழுதக் காரணமே அந்தப் படம்தான்.

1963-ல் வெளிவந்த 'திஸ் ஸ்போர்ட்டிங் லைஃப்'. கறுப்பு வெள்ளைப் படம். இயக்கியவர் லிண்ட்சே ஆண்டர்சன். அவருக்கு அதுதான் முதல் முழுநீளக் கதைப்படம். கதை டேவிட் ஸ்டோரியுடையது. ஸ்டோரி தானே காசுக்கு ரக்பி ஆடியவர். வடக்கே லீட்ஸ் கிளப்புக்கு ஆடிக்கொண்டே, லண்டனில் ஸ்லேட் ஓவியப் பள்ளியில் படித்தவர். வார நாளில் தூரிகை, வாரக் கடைசியில் சேற்றில் டேக்கிள் என்று இரண்டு உலகத்துக்கும் ரயிலில் போய் வந்தவர்.

படத்தில் வருவது ரக்பி லீக். ஹாரிஸ் லிமரிக்கில் ஆடியது ரக்பி யூனியன். ஒரே வேரில் பிரிந்த இரண்டு கிளைகள். வாரக் கடைசியில் ஆடப்போகும் சுரங்கத் தொழிலாளிக்கும் ஆலைத் தொழிலாளிக்கும் பறிபோகிற கூலியை ஈடுகட்ட வேண்டும் என்று இங்கிலாந்தின் வடக்குப் பகுதிக் கிளப்புகள் கேட்டன. ஆட்டத்துக்குக் காசு கூடாது என்றது தலைமை. 1895 ஆகஸ்டில் ஹட்டர்ஸ்ஃபீல்ட் நகரத்து ஓட்டல் ஒன்றில் கூடி வடக்கத்திக் கிளப்புகள் பிரிந்துபோயின. அதுதான் லீக். யூனியன் சரியாக நூறு வருஷம், 1995 ஆகஸ்ட் வரை, காசு வாங்காத ஆட்டமாகவே இருந்தது. ஆக, ஹாரிஸ் தன் உயிரைக் கொடுத்து ஆடியதற்கு ஒரு பைசா வாங்கியதில்லை. திரைக்கு வந்த பிறகு, காசுக்கு ஆடும் ரக்பி வீரனாக நடித்துத்தான் உலகம் அறிந்த நடிகரானார்.

படம் ஆட்டத்தின் நடுவில் தொடங்குகிறது. சேறு. ஸ்க்ரம். ஹாரிஸ் ஏற்ற ஃபிராங்க் மேச்சின் என்ற ஆட்டக்காரனின் வாயில் ஒரு அடி விழுகிறது. முன்பற்கள் போய்விடுகின்றன. இரத்தத்தோடு பல் மருத்துவரின் நாற்காலியில் கொண்டுபோய் உட்காரவைக்கிறார்கள். மயக்கவாயு ஏறுகிறது. அந்த மயக்கத்தில்தான் அவன் கடந்த காலம் துண்டு துண்டாக வருகிறது: சுரங்க வேலை, அணியில் சேர அவன் பட்ட பாடு, ஆயிரம் பவுண்டு ஒப்பந்தம். அவன் குடியிருக்கும் வீட்டின் சொந்தக்காரி திருமதி ஹாமண்ட், கணவனை இழந்தவள். ரேச்சல் ராபர்ட்ஸ் நடித்திருக்கிறார். செத்துப்போன கணவனின் பூட்ஸைத் துடைத்துப் பாலிஷ் போட்டுக் கணப்பு அடுப்பு ஓரம் வைத்திருக்கிறாள். பரண்மேல் ஏறிய பூட்ஸை அறிந்தவன் நான். அந்தக் காட்சியை முதல்முறை பார்த்தபோது படத்தை நிறுத்திவிட்டு எழுந்து போய்விட்டேன். திரும்பி வந்து மிச்சத்தைப் பார்க்க எனக்கு இரண்டு நாள் ஆனது.

விளையாட்டைப் பற்றிய படங்களில் ஒரு பெரிய சிக்கல் உண்டு. நடிகர் வசனத்தில் ஏமாற்றலாம், அழுகையில் ஏமாற்றலாம். ஓட்டத்தில் ஏமாற்ற முடியாது. பந்து வரும்போது கண் முதலில் எங்கே போகிறது, மோதுவதற்கு முந்தைய நொடியில் தோள் எப்படி இறங்குகிறது, விழுந்தவன் எந்தக் கையை ஊன்றி எழுகிறான் என்பதெல்லாம் ஆடியவனுக்குத்தான் வரும். பார்க்கிறவனும் ஆடியவனாக இருந்தால் அரை நொடியில் கண்டுபிடித்துவிடுவான். வேக்ஃபீல்ட் நகரத்து நிஜ மைதானத்தில் எடுத்த அந்த ஆட்டங்களில் ஹாரிஸின் உடம்பு ஒரு இடத்தில்கூடப் பொய் சொல்லவில்லை. லிமரிக் சேற்றில் பையனாகக் கற்றது பத்து வருஷத்துக்கு மேல் உடம்புக்குள் அப்படியே இருந்திருக்கிறது. காசநோய் நுரையீரலைத் தொட்டது. உடம்பு கற்றதைத் தொட முடியவில்லை.

ஆனால் அந்த நடிப்பின் உயரம் ஓட்டத்தில் மட்டும் இல்லை. மேச்சினுக்கு மைதானத்தில் கைதட்டல் கிடைக்கிறது. வீட்டுக்குள் வந்தால் ஒரு பெண்ணின் அன்பை எப்படிக் கேட்பது என்று தெரியவில்லை. பெரிய உடம்பை வைத்துக்கொண்டு எங்கே நிற்பது, கையை எங்கே வைத்துக்கொள்வது என்று தெரியாமல் அந்தச் சின்ன சமையலறையில் அவன் தவிக்கிறான். ஆட்டம் இல்லாத இடத்தில் ஆட்டக்காரனின் உடம்பு படும் தவிப்பு அது. படுக்கையில் கிடந்து அதை அனுபவித்த ஒருவர்தான் அப்படி நிற்க முடியும் என்று நான் நம்புகிறேன். கடைசியில் திருமதி ஹாமண்ட் மருத்துவமனையில் இறந்துபோகிறாள். மேச்சின் மறுபடி சேற்று மைதானத்தில் நிற்கிறான். உடம்பு ஓய்ந்து, மூச்சு வாங்கி, அடுத்த ஸ்க்ரம்முக்கு நடந்து போகிறான். வெற்றியும் இல்லை, கோப்பையும் இல்லை. படம் முடிந்துவிடுகிறது.

அந்த வருஷம் கான் விழாவில் சிறந்த நடிகர் விருது ஹாரிஸுக்குக் கிடைத்தது. ஆஸ்கருக்கும் அவர் பெயர் போனது. அவருக்கு அப்போது 32 வயது. மறந்துவிடு என்று சொன்னவர்களின் பேச்சைக் கேட்டு அவர் ரக்பியை மனசிலிருந்து துடைத்திருந்தால் அந்த மேச்சின் பிறந்திருக்கவே மாட்டான்.

அன்புக்குரியவர்களே, உங்களை எல்லாம் நடிக்கப் போகச் சொல்லவில்லை. உங்களில் ஒருவர் ஆசிரியர் ஆகலாம், ஒருவர் பேருந்து ஓட்டலாம், ஒருவர் கடை வைக்கலாம். மைதானத்தில் கற்றது வீண் என்று மட்டும் யாரும் சொல்லவும் விடாதீர்கள், நீங்களே சொல்லிக்கொள்ளவும் வேண்டாம். எதிரே நிற்பவரின் தோள் அசைவைப் பார்த்தே அவர் எந்தப் பக்கம் திரும்புவார் என்று உங்களுக்குத் தெரியும். பயிற்சியாளர் எல்லார் முன்னாலும் திட்டினாலும் மறுநாள் காலை ஐந்தரைக்கு வந்து நின்று, திட்டின அதே விஷயத்தை நூறு தடவை செய்து பார்த்தவர்கள் நீங்கள். தோற்றுவிட்டு எதிரணிக்குக் கை கொடுக்கத் தெரியும். நாடகப் பள்ளியில் இதற்கெல்லாம் தனித்தனிப் பாடம் இருக்கிறது. மற்ற தொழில்களில் இதைக் கற்க மனிதர்களுக்குப் பாதி ஆயுள் ஆகிறது.

இதே வழியில் நம் காலத்தில் நடந்து வந்தவர் ஒருவரும் இருக்கிறார். பால் மெஸ்கல். 1996-ல் பிறந்தவர், கில்டேர் மாவட்டத்து மேனூத் ஊர்க்காரர். அவர் ஆடியது கேலிக் கால்பந்து. அயர்லாந்தின் மண்ணில் பிறந்த ஆட்டம், இன்றுவரை யாரும் சம்பளம் வாங்காமல் ஊருக்காகவும் மாவட்டத்துக்காகவும் ஆடுகிற ஆட்டம். கில்டேரின் 21 வயதுக்கு உட்பட்டோர் அணி வரை ஆடியவருக்குத் தாடையில் அடிபட்டது. ஆட்டத்தை விட்டார். பள்ளியில் ஒரு இசை நாடகத்தில் நடித்தபோது உள்ளே விழுந்த விதை இருந்தது. டப்ளின் டிரினிட்டி கல்லூரியின் லிர் நாடகப் பள்ளியில் படித்து 2017-ல் வெளியே வந்தார். 2020-ல் 'நார்மல் பீப்பிள்' தொடர். அதில் அவர் ஏற்ற கானல் என்ற பையனும் கேலிக் கால்பந்து ஆடுகிறவன். மைதானத்தில் தயக்கமே இல்லாதவன், மனசில் இருப்பதைச் சொல்ல மட்டும் வாய் வராதவன். ஏறத்தாழ அறுபது வருஷம் கழித்து மேச்சினின் தம்பி ஒருவன் வந்துவிட்டான் என்று அந்தத் தொடரைப் பார்த்தபோது எனக்குப் பட்டது. 'ஆஃப்டர்சன்' படத்துக்காக 2023-ல் மெஸ்கலின் பெயரும் ஆஸ்கருக்குப் போனது.

இன்னொன்று. ரிட்லி ஸ்காட்டின் 'கிளாடியேட்டர்' 2000-ல் வந்தது. அதில் முதிய பேரரசர் மார்கஸ் அரேலியஸாக நடித்தவர் ரிச்சர்ட் ஹாரிஸ். 2024-ல் அதன் இரண்டாம் பாகம் வந்தது. அந்தப் பேரரசரின் பேரன் லூசியஸாக, அரங்கத்து மணலில் வாளோடு இறங்கியவர் பால் மெஸ்கல். நோயால் ரக்பியை விட்டவர் தாத்தா, அடிபட்டுக் கேலிக் கால்பந்தை விட்டவர் பேரன். யாரும் திட்டமிட்டு அமைத்ததாகத் தெரியவில்லை. ஆனாலும் உங்களைப் போன்றவர்களுக்கு ஒரு பரம்பரை இருக்கிறது என்பதற்கு எனக்கு வேறு அத்தாட்சி வேண்டியதில்லை.

இனி சொல்லப்போவது கசப்பானது. அதையும் சொல்லாமல் விட்டால் இந்த மடல் பாதி மடல்தான்.

ஹாரிஸின் வாழ்க்கை மேச்சினுக்குப் பிறகு நேர்க்கோட்டில் ஏறவில்லை. 'கேமலாட்'டுக்குக் கோல்டன் குளோப் கிடைத்தது, 1968-ல் அவர் பாடிய ஒரு பாட்டு உலகம் முழுக்கப் பரவியது. ஆனால் குடி அவரை விழுங்கப் பார்த்தது. பல நல்ல வருஷங்களைக் கொண்டுபோனது. 1981-ல் குடியை நிறுத்தினார். 1990-ல், 60-ஐத் தொடும் வயதில், 'தி ஃபீல்ட்' என்ற அயர்லாந்துப் படத்தில் ஒரு துண்டு நிலத்துக்காக எதையும் செய்யத் துணிந்த கிழட்டு விவசாயியாக நடித்து மறுபடி ஆஸ்கர் பட்டியலுக்கு வந்தார். கடைசிவரை ஆஸ்கர் சிலை அவர் கைக்கு வரவில்லை.

ஆட்டம் தருகிற கிறுகிறுப்பு நின்றதும் உடம்பு வேறு கிறுகிறுப்பைத் தேடும். நண்பர்கள் ஆறுதலுக்காகவே ஊற்றிக் கொடுப்பார்கள். அந்த இடத்தில் கொஞ்சம் நில்லுங்கள். துக்கத்தை வைத்துக்கொள்ளுங்கள் என்கிறேனே தவிர, அதில் மூழ்கச் சொல்லவில்லை. தனியாகவும் சுமக்க வேண்டாம். அயர்லாந்தையே பாருங்கள்: 1995-க்குப் பிறகு அங்கே ரக்பி யூனியன் சம்பள ஆட்டமாகிவிட்டது. அல்ஸ்டர், லென்ஸ்டர், மன்ஸ்டர், கானக்ட் என்ற நான்கு மாகாண அணிகளுக்கும் பயிற்சிக் கூடங்கள் உண்டு. பள்ளி முடித்ததும் அவற்றில் சேருகிற பிள்ளைகளில் பலருக்கு மூத்த அணி ஒப்பந்தம் கிடைப்பதில்லை. கிடைத்தவர்களிலும் சிலர் முழங்காலாலோ, கழுத்தாலோ, திரும்பத் திரும்பத் தலையில் பட்ட அடியாலோ இளவயதிலேயே ஓய்வு பெறுகிறார்கள். அதனால்தான் அங்கே ஆட்டக்காரர்களின் சங்கமான ரக்பி பிளேயர்ஸ் அயர்லாந்து, ஆடிக்கொண்டிருக்கும்போதே படிப்புக்கும் அடுத்த வேலைக்கும் வழிகாட்டுகிறது. மனசில் இருப்பதை வாய்விட்டுச் சொல்லுங்கள் என்று தனி இயக்கமே நடத்துகிறது. ஹாரிஸுக்கு அப்படி ஒரு கை இருந்ததில்லை. உங்களில் பலருக்கும் இருக்காது. அப்படியென்றால் நீங்களே ஒருவருக்கொருவர் அந்தக் கையாக இருங்கள். உங்கள் அணியில் உங்களுக்கு முன்னால் அடிபட்டு விலகிய ஒருவர் இருப்பார். இந்த வாரம் அவரைத் தேடிப் போங்கள். அவர் கதவைத் திறந்ததும் ரெண்டு பேருக்கும் பேச்சு தானாக வரும்.

கடைசியாக, 2002-ஆம் வருஷம். ஹாரிஸுக்கு 71 வயது. மன்ஸ்டர் அணி ஐரோப்பாவின் பெரிய கோப்பையான ஹைனிகன் கோப்பையின் இறுதி ஆட்டத்துக்கு இரண்டாவது தடவை வந்திருந்தது. 2000-ல் நார்தாம்ப்டனிடம் ஒரே ஒரு புள்ளியில், 9-8 என்று தோற்றிருந்தார்கள். அந்த நேரத்தில் ஹாரிஸ் ஒரு பத்திரிகையில் எழுதினார். தனக்குக் கிடைத்த கலைப் புகழ் எல்லாவற்றையும் கொடுத்துவிடத் தயார், அதற்குப் பதிலாக மன்ஸ்டரின் மூத்த அணிக்கு ஒரே ஒரு தடவை ஆடக் கிடைத்தால் போதும் என்று. ஆஸ்கரே கிடைத்தாலும் அந்தக் கோப்பையில் ஒரு மிடறு ஷாம்பெய்னுக்கு மாற்றிக்கொள்வேன் என்றும் சேர்த்து எழுதினார். ஐம்பது வருஷம் ஆகியும் அந்தக் காயம் ஆறவில்லை. அதை ஒளிக்க வேண்டும் என்றும் அவருக்குத் தோன்றவில்லை. அந்த இறுதி ஆட்டத்திலும் மன்ஸ்டர் லெஸ்டரிடம் தோற்றது. அக்டோபர் 25-ஆம் தேதி ஹாரிஸ் கண்மூடினார்.

2006 மே மாதம், கார்டிஃப் நகரத்தில், பியாரிட்ஸ் அணியை 23-19 என்று வென்று மன்ஸ்டர் அந்தக் கோப்பையைத் தூக்கியது. ஆட்டத்தின் நடுவே லிமரிக்கின் ஓ'கானல் தெருவில் கூடி நின்ற கூட்டத்தை மைதானத்துப் பெரிய திரையில் காட்டினார்கள். தெரு கொள்ளாத சிவப்பு. நான்கு மாதம் கழித்துக் கில்கீயில் மட்டையோடு அந்தப் பையன் சிலையாக எழுந்தான்.

அதனால் சொல்கிறேன். மறக்காதீர்கள். ஆட்டத்தை நேசித்ததற்காக வெட்கப்படாதீர்கள். கூட ஆடியவர்கள் ஆடுவதைப் போய்ப் பாருங்கள். முதல் தடவை நெஞ்சு அடைக்கும். நாலாவது தடவை, மற்றவர்கள் கண்ணில் படாத எதையோ நீங்கள் பார்த்துக்கொண்டிருப்பது உங்களுக்கே தெரியும். உங்கள் அடுத்த வேலை அங்கிருந்துதான் தொடங்கும். கேரியோவன் பையன்களுக்கு இது பழக்கம். பந்து கையைவிட்டு வானத்துக்குப் போனபிறகு யாரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டு நிற்பதில்லை. அது எங்கே இறங்கும் என்று பார்த்து ஓடுகிறார்கள்.

நான் இன்று விளையாட்டைப் பற்றி எழுதிப் பிழைக்கிறேன். போன வருஷம் பரணிலிருந்து அந்த அட்டைப்பெட்டியை இறக்கினேன். தோல் வெடித்துப் போயிருந்தது. உள்ளே அம்மா திணித்த செய்தித்தாள் மஞ்சளாகித் தொட்டாலே உதிர்ந்தது. இடது பூட்ஸின் அடியில், இரண்டு குமிழ்களுக்கு நடுவே, அம்மாவின் கைக்குத் தப்பிய செம்மண் கொஞ்சம் இறுகிக் கிடந்தது. நான் அதைச் சுரண்டவில்லை. எழுதும் மேசைக்குக் கீழே, காலில் படுகிற மாதிரி வைத்திருக்கிறேன்.

அன்புடன்,
உங்களில் ஒருவன்